சாம்பல் நிற பாஸ்போர்ட்

சில வருடங்களுக்கு முன் அடையாளச் சரிபார்ப்பு மென்பொருள் ஒன்றை எழுதிக்கொண்டிருந்தோம். வாடிக்கையாளர் எஸ்டோனியாவின் தலைநகரான தாலினில் இருந்தார். பாஸ்போர்ட்டின் அடியில் இரண்டு வரிகளில் எழுத்தும் எண்ணும் அம்புக்குறியுமாக ஏதோ அச்சிட்டிருக்குமே, அதைப் படித்துப் பெயர், பிறந்த தேதி, குடியுரிமை எல்லாவற்றையும் பிரித்துக் கொடுப்பது என் வேலை. குடியுரிமைக்கு மூன்றெழுத்துக் குறியீடு உண்டு. சோதனைக்கு வந்த தரவில் சில பதிவுகளில் அந்த இடத்தில் மூன்று எக்ஸ் இருந்தது. யாரோ இடத்தை நிரப்பப் போட்ட குப்பை என்று நினைத்தேன். 'தவறான மதிப்பு' என்று நிராகரிக்கும்படி நிரல் எழுதி அனுப்பிவிட்டுத் தூங்கப் போய்விட்டேன்.

மறுநாள் தாலினிலிருந்து அழைப்பு. பேசியவர் என் வயதுக்காரர், ரஷ்ய மொழி பேசுபவர், நார்வா என்ற எல்லை நகரத்தில் பிறந்தவர். நாங்கள் பேசிக்கொள்வது ஆங்கிலத்தில்தான் என்றாலும் அன்று அவர் சொன்னது எனக்குத் தமிழாகவே ஞாபகத்தில் இருக்கிறது. "அது பக் இல்லை. எங்கம்மா பாஸ்போர்ட்லயும் அதான் இருக்கு."

மூன்று எக்ஸ் என்றால், சர்வதேச பாஸ்போர்ட் விதிகளின்படி, குடியுரிமை குறிப்பிடப்படாதவர் என்று அர்த்தம். அவருடைய அம்மா 1961-இல் நார்வாவில் பிறந்தவர். வேறு ஊரில் குடியிருந்ததே இல்லை. ஆனாலும் அவர் எந்த நாட்டின் குடிமகளும் இல்லை. அவரிடம் இருப்பது எஸ்டோனிய அரசு தரும் 'அயலார் பாஸ்போர்ட்'. அட்டையின் நிறத்தை வைத்து ஊரில் அதைச் சாம்பல் பாஸ்போர்ட் என்கிறார்கள். அண்ணன் ரஷ்யக் குடியுரிமை வாங்கிக்கொண்டார். நண்பர் மட்டும் மொழித் தேர்வு எழுதி எஸ்டோனியர் ஆனார். ஒரே வீட்டில் மூன்று வகை பாஸ்போர்ட். "எங்க ஊர்ல இது சாதாரணம்," என்றார்.

அதுவரை எஸ்டோனியாவைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் தொழில் சார்ந்த விஷயங்கள்தான். ஸ்கைப்பை எழுதிய நாடு. 2005-லேயே இணையம் வழியாக வாக்களித்த நாடு. 2007-இல் அதன் வங்கிகளும் நாளிதழ்களும் அரசுத் தளங்களும் சைபர் தாக்குதலில் முடங்கியதைக் கல்லூரியில் நெட்வொர்க் பாதுகாப்புப் பாடத்தில் ஐந்து மதிப்பெண் கேள்வியாகப் படித்திருந்தேன். அது ஏன் நடந்தது என்று புத்தகத்தில் இல்லை. நாங்களும் கேட்கவில்லை. அந்த மூன்று எக்ஸுக்குப் பிறகுதான் படிக்க ஆரம்பித்தேன்.

*

1934-ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் எஸ்டோனியாவில் ஏறத்தாழ 11.26 லட்சம் பேர். அவர்களில் 88 சதவீதம் எஸ்டோனியர், 8 சதவீதம் ரஷ்யர். மிச்சம் ஜெர்மானியர், ஸ்வீடர், யூதர் முதலியோர். அந்த ரஷ்யர்களில் ஒரு பிரிவினர் நாட்டுக்கு மிகப் பழையவர்கள். 17-ஆம் நூற்றாண்டில் மாஸ்கோவின் பேராயர் நிக்கான் வழிபாட்டு முறைகளைத் திருத்தியபோது, திருத்தத்தை ஏற்காமல் ஓடிவந்தவர்கள். 'பழைய நம்பிக்கையாளர்கள்' என்று அவர்களுக்குப் பெயர். பெய்ப்சி ஏரிக்கரையில் குடியேறி, மீன் பிடித்து வெங்காயம் பயிரிட்டு வாழ்ந்தார்கள். இன்றும் அந்தக் கரை கிராமங்கள் வெங்காயத்துக்குப் பெயர் போனவை. இன்னொரு பிரிவினர் எல்லையோரத்து ரஷ்யர்கள். சோவியத் ரஷ்யாவுடன் 1920-இல் கையெழுத்தான டார்ட்டு உடன்படிக்கையால் நார்வா ஆற்றின் கிழக்குக் கரையும் தெற்கே பெட்செரி பகுதியும் எஸ்டோனியாவுக்கு வந்தபோது, அங்கிருந்தவர்களும் எஸ்டோனியக் குடிமக்கள் ஆனார்கள்.

அடுத்த பத்தாண்டுகள் அந்தக் கணக்கைக் கலைத்துப் போட்டன. ஹிட்லர் அழைப்பு விடுத்ததும் 1939 முதல் 1941-க்குள் ஜெர்மானியர்கள் கிளம்பிப் போனார்கள். 1940 ஜூனில் சோவியத் படை நாட்டைப் பிடித்தது. 1941 ஜூன் 14 அன்று ஏறத்தாழ பத்தாயிரம் பேர் சரக்கு ரயில்களில் ஏற்றி நாடு கடத்தப்பட்டார்கள். பிறகு மூன்று வருடம் நாஜி ஆட்சி. தப்பிப் போகாமல் இருந்த ஆயிரம் யூதர்கள் கொல்லப்பட்டனர். ஸ்வீடர்கள் கடல் கடந்து ஸ்வீடனுக்குப் போனார்கள். 1944-இல் செஞ்சேனை திரும்பி வந்தபோது 70,000 பேருக்கு மேல் மேற்கே தப்பியோடினார்கள், பலர் சின்னச் சின்னப் படகுகளில். ஆற்றின் கிழக்குக் கரையையும் பெட்செரியின் பெரும்பகுதியையும் மாஸ்கோ ரஷ்யக் குடியரசோடு சேர்த்துக்கொண்டது. சிறுபான்மையினர் போய்விட்டார்கள், அவர்கள் வாழ்ந்த நிலத்திலும் ஒரு பகுதி போய்விட்டது. அதனால் போர் முடிந்த கையோடு பார்த்தால், எஞ்சிய நாட்டில் எஸ்டோனியர் ஏறத்தாழ 97 சதவீதம்.

1949 மார்ச் 25-இல் இரண்டாவது பெரிய நாடுகடத்தல். இருபதாயிரத்துக்கும் மேல், பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள், முதியவர்கள். சோவியத் காலத்தின் கடைசிக் கணக்கெடுப்பு 1989-இல் நடந்தது. மொத்தம் 15.65 லட்சம் பேரில் எஸ்டோனியர் 61.5 சதவீதம். ரஷ்யர் 30.3 சதவீதம், அதாவது ஏறத்தாழ 4.75 லட்சம்.

தொண்ணூற்றேழிலிருந்து அறுபத்தொன்றரை. ஒரு மனித ஆயுளுக்குள்.

*

யார் இந்த 4.75 லட்சம் பேர்? நார்வாவை வைத்துப் பார்ப்பது எளிது.

போருக்கு முன் நார்வாவில் மூன்றில் இரண்டு பங்கு எஸ்டோனியர். பரோக் பாணி வீடுகள் நிறைந்த அழகான பழைய நகரம் என்பார்கள். 1944 ஜனவரியில் ஜெர்மானியர்கள் நகரவாசிகளை வெளியேற்றினார்கள். மார்ச்சில் சோவியத் விமானங்கள் குண்டு வீசிப் பழைய நகரத்தைத் தரைமட்டமாக்கின. போர் முடிந்தபின், ஊரைவிட்டுப் போனவர்கள் திரும்பி வரப் பெரும்பாலும் அனுமதிக்கப்படவில்லை.

ஆலைகளுக்கோ ஆள் வேண்டியிருந்தது. 1857-இல் தொடங்கிய க்ரேன்ஹோல்ம் என்ற பிரம்மாண்டமான நெசவாலை நார்வாவில் இருந்தது. பக்கத்தில் கொஹ்ட்லா-யார்வேயில் எண்ணெய்ப் பாறையைத் தோண்டி, அதிலிருந்து வாயு எடுத்து, 1948 முதல் குழாய் வழியாக லெனின்கிராடுக்கு அனுப்பினார்கள். சில்லமேயில் யுரேனியம் பிரிக்கும் ரகசிய ஆலை. அந்த ஊர் வெளியாருக்கு மூடப்பட்டிருந்தது. தாலினில் ராணுவத் தளவாடத் தொழிற்சாலைகள். முடிவெடுத்தது மாஸ்கோ அமைச்சகங்கள். எஸ்டோனியாவில் ஆள் போதாவிட்டால் ரஷ்யாவிலிருந்து வரவழைத்தார்கள்.

நண்பரின் பாட்டி 1947-இல் ப்ஸ்கோவ் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்தார். வயது 19. போரில் ஊர் எரிந்துவிட்டது. அந்தக் குளிர்காலம் ரஷ்யாவில் பஞ்சம். க்ரேன்ஹோல்மில் ரேஷன் அட்டையும் விடுதியில் ஒரு கட்டிலும் தருகிறார்கள் என்று கேள்விப்பட்டு வந்திருக்கிறார். "இன்னொரு நாட்டை ஆக்கிரமிக்க வந்தோம்னு பாட்டிக்குத் தெரியாது. ரொட்டி கிடைக்கும்னு வந்தாங்க," என்றார் நண்பர்.

இதை எங்கள் அணித் தலைவரிடம் ஒருமுறை சொன்னேன். அவர் எஸ்டோனியர், அதிகம் பேசாதவர். அவருடைய பாட்டி 1949-இல் ஒன்பது வயதில் தாயோடு சைபீரியாவுக்குக் கடத்தப்பட்டவர். ஸ்டாலின் இறந்து சில வருடங்கள் கழித்துத் திரும்பி வந்தபோது அவர்கள் வீட்டில் வேறொரு குடும்பம் இருந்தது. "அவங்க பாட்டி மேல எனக்குக் கோபம் இல்லை. ஆனா எங்க பாட்டிக்குப் போக இடம் இல்லையே," என்றார். இரண்டு பேரும் பக்கத்துப் பக்கத்து மேசையில் வேலை செய்பவர்கள். மதியம் ஒன்றாகச் சாப்பிடுபவர்கள்.

*

1987-இல் வடகிழக்கில் பெரிய அளவில் பாஸ்பரைட் சுரங்கம் தோண்ட மாஸ்கோ திட்டமிட்டபோது எஸ்டோனியாவில் எதிர்ப்பு வெடித்தது. நிலத்தடி நீர் கெடும் என்பது ஒரு காரணம். சுரங்கத்துக்காக இன்னும் பல்லாயிரம் பேரைக் கொண்டுவந்து இறக்குவார்கள் என்பது இன்னொரு காரணம். புதிதாக வந்தவர்களுக்கு லாஸ்னமே போன்ற புறநகர்களில் அடுக்குமாடி வீடு உடனே கிடைத்தது, உள்ளூர்க்காரர்கள் வருடக்கணக்கில் காத்திருந்தார்கள் என்ற மனக்குறையும் சேர்ந்துகொண்டது. விடுதலை இயக்கம் தொடங்கியதே மக்கள்தொகை பற்றிய பயத்தில்தான்.

இங்கே ஒரு தேதியை மனதில் வைக்க வேண்டும். 1991 மார்ச் 3. விடுதலை வேண்டுமா என்ற வாக்கெடுப்பு நடந்தது. நாட்டின் நிரந்தரவாசிகள் எல்லோருக்கும் ஓட்டு, ரஷ்யர்கள் உட்பட. 83 சதவீதம் பேர் வாக்களித்தார்கள், அதில் 78 சதவீதம் 'வேண்டும்'. எஸ்டோனியர் ஓட்டு மட்டும் இருந்தால் இந்த எண் வராது. கணிசமான ரஷ்யர்கள் விடுதலைக்கு ஆதரவாக வாக்களித்திருக்கிறார்கள். நண்பரின் அம்மாவும் அவர்களில் ஒருவர். அப்போது அவருக்கு முப்பது வயது.

ஒரு வருடத்துக்குள் நிலைமை மாறியது. 1992 பிப்ரவரியில் எஸ்டோனியா தன் 1938-ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தை மீண்டும் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. 1940 ஜூன் 16-க்கு முன் குடிமக்களாக இருந்தவர்களும் அவர்களுடைய வாரிசுகளும் தானாகவே குடிமக்கள். மற்றவர்கள் எஸ்டோனிய மொழி கற்று விண்ணப்பிக்க வேண்டும். அந்த ஜூனில் அரசியலமைப்புச் சட்டத்துக்கான வாக்கெடுப்பிலும், செப்டம்பரில் நாடாளுமன்றத் தேர்தலிலும் குடிமக்களுக்கு மட்டுமே ஓட்டு. நாட்டில் ஏறத்தாழ மூன்றில் ஒருவர் குடியுரிமை தீர்மானிக்கப்படாதவர் ஆனார்.

இதன் பின்னால் இருந்த சட்ட வாதம் வலுவானது. எஸ்டோனியா சோவியத் யூனியனிலிருந்து பிரிந்து உருவான புது நாடு இல்லை. 1918-இல் பிறந்த குடியரசு, இடையில் ஐம்பது வருடம் ஆக்கிரமிக்கப்பட்டுக் கிடந்தது, அவ்வளவுதான். அமெரிக்கா உள்ளிட்ட பல மேற்கத்திய நாடுகள் 1940-இன் இணைப்பை ஒருநாளும் சட்டப்படி ஏற்கவில்லை. ஆகவே குடியரசு திரும்பும்போது அதன் குடிமக்கள் பட்டியலும் அப்படியே திரும்புகிறது.

எனக்கு இது என் தொழில் பாஷையில்தான் புரிந்தது. சர்வர் கெட்டுப்போனால் பேக்கப்பிலிருந்து மீட்கிறோம். பேக்கப் 1940 ஜூன் மாதத்தது. அதற்குப் பிறகு சேர்ந்த பதிவுகள் மீட்டெடுத்த டேபிளில் இருக்காது. அவை பொய்ப் பதிவுகள் என்பதால் இல்லை. மீட்கத் தேர்ந்தெடுத்த தேதி அப்படி.

இந்தச் சட்டம் யாருடைய இனத்தையும் கேட்கவில்லை, தேதியை மட்டும்தான் கேட்டது. அதனால் வினோதமான விளைவுகள். பெய்ப்சி ஏரிக்கரையில் வெங்காயம் பயிரிடும் ரஷ்யர், வீட்டில் ரஷ்ய மொழி மட்டுமே பேசினாலும், பிறப்பிலேயே குடிமகன். பெட்செரி இன்று ரஷ்யாவில் இருக்கிறது. ஆனாலும் அங்கே வாழும் ஒரு ரஷ்யர், தன் தாத்தா 1930-களில் எஸ்டோனியக் குடிமகன் என்று நிரூபித்தால் எஸ்டோனிய பாஸ்போர்ட் வாங்கலாம். நார்வாவில் பிறந்து, நார்வாவில் நூல் நூற்ற நண்பரின் அம்மாவுக்குக் கிடையாது.

லிதுவேனியா, அந்நேரத்தில் தன் மண்ணில் வாழ்ந்த எல்லோருக்கும் விரும்பினால் குடியுரிமை என்றது. அங்கே 1989-இல் ரஷ்யர் 9.4 சதவீதம்தான். லாட்வியாவில் லாட்வியரே 52 சதவீதமாகக் குறைந்திருந்தார்கள். அது எஸ்டோனியாவின் வழியில் போனது. மூன்று நாடுகளும் ஒரே விதமாக ஆக்கிரமிக்கப்பட்டவை, சட்ட வாதமும் ஒன்றுதான். முடிவு மட்டும் வேறு. எந்தத் தேதியிலிருந்து நாட்டை மீட்பது என்ற கேள்விக்குச் சட்டப் புத்தகத்தோடு கணக்கெடுப்பு அட்டவணையையும் பார்த்துத்தான் பதில் சொல்லியிருக்கிறார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது.

*

1993 கோடையில் விஷயம் முற்றியது. அயலார் சட்டம் ஒன்று நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. குடிமக்கள் அல்லாதவர்கள் எல்லோரும் வசிப்பிட அனுமதிக்கு விண்ணப்பிக்க வேண்டும். பிறந்த ஊரில் இருக்க அனுமதியா என்று நார்வா கொதித்தது. ஜனாதிபதி லென்னார்ட் மெரி சட்டத்தில் கையெழுத்திடாமல் ஐரோப்பிய நிபுணர்களின் கருத்தைக் கேட்டு, திருத்தத்துக்குத் திருப்பி அனுப்பினார். ஜூலை 16, 17 தேதிகளில் நார்வாவும் சில்லமேயும் தன்னாட்சி கேட்டு வாக்கெடுப்பு நடத்தின. பதிவான ஓட்டுகளில் பெரும்பான்மை 'ஆம்'. வாக்கெடுப்பு செல்லாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நார்வா அதை ஏற்றுக்கொண்டது.

இந்தக் கடைசி வாக்கியம் சாதாரணமானது இல்லை. முந்தைய வருடம்தான் மால்டோவாவில் டிரான்ஸ்னிஸ்ட்ரியா பகுதிக்காகப் போர் நடந்து நூற்றுக்கணக்கானோர் செத்திருந்தார்கள். எஸ்டோனியாவிலும் ரஷ்யப் படைகள் இன்னும் இருந்தன, 1994 ஆகஸ்ட் 31 அன்றுதான் வெளியேறின. அப்படியும் ஒரு துப்பாக்கி வெடிக்கவில்லை. காரணங்கள் உண்டு. ஐரோப்பியப் பாதுகாப்பு அமைப்பின் சிறுபான்மையினர் ஆணையர் மாக்ஸ் வான் டெர் ஸ்டூல் தாலினுக்கும் நார்வாவுக்கும் அலைந்து சமாதானம் பேசினார். நிரந்தரவாசிகள் குடிமக்களாக இல்லாவிட்டாலும் உள்ளாட்சித் தேர்தலில் ஓட்டுப் போடலாம் என்று எஸ்டோனியா அனுமதித்தது. மூன்றாவது காரணம், ஆற்றின் மறுகரை. இவான்கோரத் நகரம் கண்ணுக்கு எதிரே தெரியும். அங்கே சம்பளம் எவ்வளவு, ஓய்வூதியம் எவ்வளவு என்று நார்வாக்காரர்களுக்குத் தெரியும்.

2019-இல் வேலை நிமித்தம் தாலின் போனபோது, ஒரு சனிக்கிழமை நண்பர் என்னை ரயிலில் நார்வாவுக்குக் கூட்டிப்போனார். ஆற்றின் இந்தப் பக்கம் ஹெர்மான் கோட்டை, அந்தப் பக்கம் 1492-இல் மூன்றாம் இவான் கட்டிய இவான்கோரத் கோட்டை. இடையில் கல்லெறி தூரம்கூட இல்லை. தூண்டில் போட்டுக்கொண்டு இரண்டு கரையிலும் ஆட்கள். க்ரேன்ஹோல்ம் ஆலை, பத்தாயிரத்துக்கும் மேல் பேர் வேலை செய்த இடம், சிவப்புச் செங்கல் மலைபோலக் காலியாக நின்றது. 2010-இல் திவாலாகி மூடப்பட்டுவிட்டது.

வீட்டில் அம்மா பீட்ரூட் சூப் கொடுத்தார். நான் தயங்கித் தயங்கி, ஏன் தேர்வு எழுதவில்லை என்று கேட்டேன். நண்பர் மொழிபெயர்த்தார். "ஊர்ல நூத்துல நாலு பேர்தான் எஸ்டோனியர். யார்கிட்டப் பேசிப் பழகுறது? ஆலையில எல்லாரும் ரஷ்யன்." கொஞ்ச நேரம் கழித்து அவரே, "தொண்ணூத்தொண்ணுல ஓட்டுப் போடும்போது என்கிட்ட யாரும் பரீட்சை வைக்கலை," என்றார். நண்பர் அதை மொழிபெயர்க்காமல் விட்டுவிட்டார். அன்று மாலை ரயிலில் திரும்பும்போதுதான் சொன்னார்.

சாம்பல் பாஸ்போர்ட்டில் ஒரு வசதியும் இருந்தது. 2007 முதல் ஐரோப்பிய ஷெங்கன் நாடுகளுக்கும், 2008 முதல் ரஷ்யாவுக்கும் விசா இல்லாமல் போகலாம். ப்ஸ்கோவில் இருக்கும் சித்தியைப் பார்க்க எஸ்டோனியக் குடிமகனான நண்பர் விசா வாங்க வேண்டும், அம்மா பையைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார். அதுவும் பலரை மாறவிடாமல் வைத்திருந்தது.

*

கல்லூரிப் பாடத்தில் விட்டுப்போன காரணத்தை இப்போது சொல்லலாம். 2007 ஏப்ரலில் தாலின் நகர மையத்திலிருந்த சோவியத் போர்வீரரின் வெண்கலச் சிலையை அரசு ராணுவக் கல்லறைக்கு மாற்றியது. எஸ்டோனியர்களுக்கு அது ஆக்கிரமிப்பின் சின்னம். ரஷ்யர்களுக்கு ஹிட்லரை எதிர்த்துச் செத்த தாத்தாவின் நினைவு. இரண்டு இரவுகள் கலவரம், ஓர் இளைஞர் கொல்லப்பட்டார். அதைத் தொடர்ந்துதான் சைபர் தாக்குதல்கள். அடுத்த வருடம் நேட்டோ அங்கீகாரத்துடன் சைபர் பாதுகாப்பு மையம் தாலினில் திறந்தது.

2022 ஜூனில், உக்ரைன் போர் தொடங்கி நான்காவது மாதம், புடின் தன்னை மகா பீட்டரோடு ஒப்பிட்டுப் பேசிய பேச்சில் நார்வாவின் பெயரையும் சொன்னார். அந்த ஆகஸ்டில் எஸ்டோனிய அரசு நார்வாவுக்கு வெளியே பீடத்தில் நின்ற டாங்கியை அகற்றியது. 2024 பிப்ரவரி முதல் பாலத்தில் வாகனங்கள் போவதில்லை, நடந்துதான் கடக்க வேண்டும். அதே ஆண்டு செப்டம்பரில் ரஷ்ய மொழிப் பள்ளிகள் படிப்படியாக எஸ்டோனிய மொழிக்கு மாறத் தொடங்கின. 2025 மார்ச்சில் நாடாளுமன்றம் அரசியலமைப்பைத் திருத்தி, ரஷ்ய, பெலாரஸ் குடிமக்களின் உள்ளாட்சி ஓட்டுரிமையை நீக்கியது. சாம்பல் பாஸ்போர்ட்காரர்களுக்கு அந்த அக்டோபர் தேர்தலே கடைசி.

எஸ்டோனியாவின் பயத்தை நான் குறைத்து மதிப்பிடவில்லை. 13 லட்சம் பேர் வாழும் நாடு, பக்கத்தில் 14 கோடி. ஒருமுறை ஏறக்குறைய காணாமல் போகும் நிலைவரை போய்த் திரும்பியவர்கள். 1940-ஐ மீட்டது சரி என்றே நினைக்கிறேன். ஆனால் மீட்ட நாளிலேயே, அந்த மண்ணில் பிறந்த குழந்தைகளை நிபந்தனையில்லாமல் பட்டியலில் சேர்த்திருக்கலாம். 1998-இல் விண்ணப்பித்தால் தருகிறோம் என்றார்கள். குடியுரிமையற்ற பெற்றோருக்கு அங்கே பிறக்கும் குழந்தைக்குத் தானாகவே குடியுரிமை என்று வந்தது 2016-இல்தான். 24 வருடங்கள் தாமதம். அந்தத் தாமதத்தில் வளர்ந்தவர்கள்தான் நண்பரும் அவருடைய அண்ணனும். ஒருவர் தேர்வு எழுதி உள்ளே வந்தார், இன்னொருவர் கோபித்துக்கொண்டு ஆற்றின் அந்தப் பக்கம் போய் பாஸ்போர்ட் வாங்கினார். 1992-இல் மூன்றில் ஒரு பங்காக இருந்தவர்கள் இன்று ஏறத்தாழ அறுபதாயிரம் பேர், பெரும்பாலும் வயதானவர்கள்.

எங்கள் மென்பொருளில் அந்த மூன்று எக்ஸை அன்றே அனுமதித்துவிட்டோம். திரையில் அதற்கு நேரே என்ன வார்த்தை போடுவது என்று ஒரு விவாதம் நடந்தது. நான் 'நாடற்றவர்' என்று போட்டிருந்தேன். அணித் தலைவர்தான் மாற்றினார். "அவங்களுக்கு நாடு இருக்கு. குடியுரிமைதான் தீர்மானிக்கப்படலை," என்று அரசு ஆவணத்தில் உள்ள சொல்லையே போடச் சொன்னார். சைபீரியாவுக்குப் போன பாட்டியின் பேரன்.

2025 அக்டோபரில் நண்பர் ஒரு செய்தி அனுப்பினார். இணையத்தில் ஓட்டுப் போட்டுவிடலாம், நான் லாகின் செய்து தருகிறேன் என்று அம்மாவிடம் சொன்னாராம். அம்மா ஒப்புக்கொள்ளவில்லை. குளிர் ஆரம்பித்துவிட்டது. நல்ல கோட் ஒன்றைப் போட்டுக்கொண்டு வாக்குச்சாவடிக்கு நடந்தே போனாராம்.